முராசில்

...அந்த வார்த்தையில் ஒரு குறையும் இல்லை, வாய்க்குள் சொல்லிப் பார்த்தாலும் இல்லை, முராசில், ரே, சீன், லாம், ரசூல் என்ற சொல்லில் இருக்கிற அதே மூன்று எழுத்து, ஏழு வயதில் ஓதப் போன இடத்தில் காதில் விழுந்த எழுத்து, அந்த வேரிலிருந்து வந்த ஒரு சொல் ஒரு மனுசனின் பெண்டாட்டியையும் பிள்ளையையும் விமானம் ஏற்றி அனுப்பும் என்று யார் கண்டது, நான் கண்டேனா, கெட்டதாக இருக்காது என்றுதான் நினைத்தேன், நினைத்தாயா மீராசா, இல்லை நினைக்கவே இல்லையா... டோக்கன் நம்பர் இருநூற்றுப் பதினான்கு. சுவரில் சிவப்பு எழுத்தில் நூற்று எழுபத்தொன்று. மணி பதினொன்று இருபது, கொழும்பு விமானம் இரண்டரைக்கு. தொழிலாளர் அலுவலகத்தின் இந்தக் கூடத்தில் ஒரு நாற்காலிகூடக் காலி இல்லை, ஏசி ஓடிக்கொண்டே இருக்கிறது, ஆனாலும் காலருக்குள் வேர்க்கிறது, மடியில் ஒரு பிளாஸ்டிக் கவர், அதற்குள் இரண்டு காகிதம். ஒன்று கம்பெனியின் அறிக்கை, சீல் குத்திக் கையெழுத்தாகிவிட்டது, கொடுக்க வேண்டியதுதான் பாக்கி. இன்னொன்று ஒரு பக்கக் கடிதம், பன்னிரண்டு நாளாகக் கையெழுத்து இல்லாமல் கிடக்கிறது, அது நான் போட வேண்டிய கையெழுத்து. சீல் பைக்குள் இருக்கிறது, பேனா சட்டைப் பையில் இருக்கிறது, போட்டுக் கவுண்டரில் கொடுத்து ஒரு ரசீது வாங்கிவிட்டால் மார்க்கண்டுவின் குடும்பம் இன்றைக்கு விமானம் ஏற வேண்டியதில்லை. அவ்வளவுதான் விஷயம். ஆனால் முதல் காகிதம் சொல்வதை இரண்டாவது காகிதம் பொய் என்று சொல்லிவிடும், இரண்டுக்கும் பொறுப்பு நான்.

எனக்கு அரபி தெரியாது. இதை வாய்விட்டுச் சொல்ல இருபத்து மூன்று வருஷத்தில் ஒரு நாளும் வாய்க்கவில்லை. ஓதத் தெரியும். கீழக்கரையில் எங்கள் தெருவில் ஓதத் தெரியாத பிள்ளை கிடையாது, எழுத்துக் கூட்டி, நீட்ட வேண்டிய இடத்தில் நீட்டி, நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்தி, பதினோரு வயதில் வேதத்தை முழுக்க ஓதி முடித்ததற்குப் புதுச் சட்டை எடுத்துக் கொடுத்தார்கள், ஒரு வரிக்காவது அர்த்தம் கேட்டேனா, கேட்கவில்லை, அர்த்தம் மேலே இருக்கிற அவனுக்குத் தெரியும், நமக்கு உச்சரிப்பு சுத்தமாக இருந்தால் போதும்... இந்தக் கம்பெனியில் சேர்ந்த முதல் வாரம் நகராட்சியிலிருந்து ஒரு சுற்றறிக்கை வந்தது, முழுக்க அரபி, மொழிபெயர்க்கிற ஆள் லீவில், மேனேஜர் கையைப் பிசைந்துகொண்டு நின்றார், நான் வாங்கிச் சரளமாக வாசித்தேன், தொண்டையிலிருந்து வர வேண்டிய எழுத்து தொண்டையிலிருந்து வந்தது, ஆபீஸே திரும்பிப் பார்த்தது. "க்யா லிக்கா ஹை, மீராசா பாய்?" என்றார் மேனேஜர், என்ன எழுதியிருக்கிறது என்று. எழுத்துகளுக்கு நடுவே ரமலான் என்று ஒரு சொல் தட்டுப்பட்டது, பக்கத்தில் ஒன்பது, இரண்டு என்று எண்கள், ரமலான் மாதத்து வேலை நேரம், ஒன்பதிலிருந்து இரண்டு என்றேன், சரியாகப் போய்விட்டது, தப்பாகப் போயிருக்கக் கூடாதா, அன்றைக்கே தப்பாகிப் போயிருந்தால் எத்தனை நன்றாக இருந்திருக்கும். அதிலிருந்து மீராசா பாய்க்கு அரபி தெரியும். யல்லா, கலாஸ், மாஃபி, இதற்கு மேல் பேசத் தெரியாதவனிடம் கம்பெனியின் எல்லா அரபிக் காகிதமும் வந்து குவிந்தது, கூட்டிப் படித்தேன், பழகிய சொல்லைப் பிடித்துக்கொண்டேன், மற்றதை ஊகித்தேன், புரியாததை டைப்பிங் சென்டர் லுக்மானிடம் வேறு எதையோ கேட்பது மாதிரிக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள், நான் வாயால் பிழைத்தவன்தான்.

நூற்று எழுபத்தெட்டு. பக்கத்தில் ஒரு பட்டாணியன் தூங்கி என் தோளில் சாய்கிறான், சாயட்டும். ஆட்களை எண்ணி அளக்கிற வேலையும் அந்த அரபியால்தான் என்னிடம் வந்தது. எங்களுடையது கட்டிடம் கட்டி விற்கிற கம்பெனி, கடலோரத்தில் கோபுரம் கோபுரமாக நிற்கிறது, அதில் வேலை பார்ப்பவர்களில் எத்தனை பேர் இந்த நாட்டுக்காரர்கள் என்று வருஷா வருஷம் சதவீதம் போட்டுக் காட்ட வேண்டும். தவ்தீன் என்பார்கள், மண்ணின் மக்களுக்கு வேலை, நியாயம்தான், அவர்கள் நாடு, அவர்கள் பிள்ளைகள், குறை சொல்ல நான் யார். நூற்றுக்கு இரண்டு பேர் வேண்டும். எங்களிடம் இருநூற்றுப் பன்னிரண்டு பேர், அதில் நாட்டுக்காரர்கள் மூன்று பேர், ஒன்று புள்ளி நான்கு. மேனேஜர் அந்த எண்ணைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார், பம்பாய்க்காரர், சத்தம் போட மாட்டார், "தோ சாஹியே", இரண்டு வேண்டும் என்று மட்டும் சொன்னார். மேலே இருக்கிற எண்ணை ஏற்ற வழியில்லை என்றால் கீழே இருக்கிற எண்ணை இறக்கு, இது நான் சொன்ன யோசனை, பென்சிலால் கோடு போட்டேன், டிரைவர்கள், கூட்டித் துடைப்பவர்கள், வாட்ச்மேன்கள், அறுபத்து நாலு பேரை ஒரே நாளில் ஆள் சப்ளை செய்கிற வேறொரு கம்பெனியின் லேபர் கார்டுக்கு மாற்றியாயிற்று, அதே துடைப்பம், அதே கேட், ஆனால் எங்கள் கம்பெனியில் அவர்கள் இல்லை. நூற்று நாற்பத்தெட்டில் மூன்று, இரண்டு புள்ளி பூஜ்யம் மூன்று. அந்த மூன்று பேரின் லட்சணம் இதுதான். ஃபாத்திமா என்ற பெண் தினமும் எட்டு மணிக்கு வந்துவிடுவாள், யாரும் அவளுக்கு ஒரு வேலையும் கொடுக்கவில்லை, கொடுத்தால் தப்பாகிவிடும் என்று பயம், ஒருநாள் என் மேசைக்கே வந்து "ஷுகல் மாஃபி?" என்றாள், வேலை ஒன்றும் இல்லையா என்று, அது எனக்குப் புரிந்த அரபி, புரிந்தும் தலையைக் குனிந்துகொண்டேன். இரண்டாவது ஆள் ஆஸ்திரேலியாவில் படிக்கிறான். மூன்றாவது ஆள் கம்பெனியின் உள்ளூர்ப் பங்குதாரரின் சித்தப்பா, எழுபத்தெட்டு வயது, அவர் நாற்காலியின் பிளாஸ்டிக் உறையைக்கூட யாரும் கிழிக்கவில்லை. பரிசோதனைக்கு ஆள் வருகிறார் என்றதும் நான்தான் உறையைக் கிழித்தேன், மீனா பஜாரில் எண்ணி ஓதுகிற தஸ்பீஹ் மாலை ஒன்று வாங்கி மேசையில் வைத்தேன், என் கண்ணாடியைக் கழற்றி வைத்தேன், பாதி குடித்த டீக் கோப்பை ஒன்றையும் வைத்தேன், வந்தவர் டீயில் ஆவி வருவதைப் பார்த்துவிட்டுப் பட்டியலில் டிக் போட்டுப் போனார். அந்தப் பாதி டீயைக் குடித்தவன் நான்தான்.

எல்லாம் சரியாகிவிட்டது, அறிக்கையில் செக்ரட்டரி என்ற கட்டம் மட்டும்தான் இடித்தது. செக்ரட்டரி வேலைக்கு இனி வெளிநாட்டுக்காரர்கள் கூடாது, அந்தக் கட்டத்தில் பூஜ்யம் இருக்க வேண்டும், எங்கள் கட்டத்தில் ஒன்று. அந்த ஒன்று மார்க்கண்டு. யாழ்ப்பாணத்துத் தெல்லிப்பழைக்காரர், பதினெட்டு வருஷமாக மேனேஜர் அறைக்கு வெளியே அதே மேசை, இங்கிலீஷில் கடிதம் அடித்தால் ஒரு கமா தவறாது, எனக்கு நாலு வயது இளையவர், என்னை அண்ணை என்பார். "ஜீரோ சாஹியே" என்றார் மேனேஜர், ஆளை அனுப்பிவிடலாம் என்ற அர்த்தத்தில். நான்தான் குறுக்கே விழுந்தேன். ஆளை ஏன் அனுப்ப வேண்டும் சாப், கார்டில் தொழிலின் பெயரை மாற்றிவிட்டால் போச்சு. வேலியில் போகிற ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொள்கிறவன் நான், என் மடியில் விட்டுக்கொண்டால்கூடப் பரவாயில்லை, அந்த மனுசன் மடியில் விட்டேன்... எழுத்தர் என்று போடலாம், காதிப், அந்தச் சொல் எனக்குத் தெரியும், ஆனால் அதற்குப் படிப்புச் சர்டிபிகேட் வேண்டும், முத்திரை குத்தி வாங்கி வர வேண்டும். மார்க்கண்டுவின் சர்டிபிகேட் தெல்லிப்பழை வீட்டு அலமாரியில் இருந்தது, அந்த வீடு தொண்ணூறிலிருந்து ராணுவத்தின் கம்பி வேலிக்கு உள்ளே, அலமாரி இருக்கிறதா, வீடு இருக்கிறதா, யாருக்குத் தெரியும். அவர் வந்த காலத்தில் யாரும் சர்டிபிகேட் கேட்கவில்லை. அப்படியானால் சர்டிபிகேட் கேட்காத பெயராகப் பார்க்க வேண்டும், ஆனால் கூலியாள் வகையில் வரக் கூடாது, வந்தால் குடும்ப விசா கிடைக்காது, இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும், தெரிந்துகொண்டுதான் லுக்மானின் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். தொழில்களின் பட்டியல் முழுக்க அரபியில் கீழே இறங்கியது. ஹாரிஸ், அது வாட்ச்மேன், வேண்டாம். ஸாயிக், டிரைவர், வேண்டாம். ஃபர்ராஷ், டீ போடுகிறவன், சீ. ஆமில், கூலி. அதற்குக் கீழே முராசில். நிறுத்துடா லுக்மான் என்றேன். எனக்குத் தெரியாத சொல், ஆனால் என்ன ஒரு ஓசை, எவ்வளவு மரியாதை, உருதுக்காரர்கள் கடிதப் போக்குவரத்தை முராஸலா என்பார்கள் என்று எங்கேயோ கேட்டது ஞாபகம் வந்தது, அப்படியென்றால் இது கடிதம் எழுதுகிறவர், மார்க்கண்டுவின் வேலையேதான். லுக்மான் விசைப்பலகையிலிருந்து கையை எடுத்தான். "முராசிலா காக்கா, நெசமாத்தான் சொல்றீங்களா?" என்றான். எனக்குக் கோபம் வந்துவிட்டது, தொண்டிக்காரப் பயல், என்னை அண்ணன் முறை வைத்துக் காக்கா என்கிறவன், என் வயதில் பாதி, எனக்கு அரபியில் சந்தேகம் கேட்கிறான். "அடிக்கச் சொன்னா அடி தம்பி, எனக்கே பாடம் நடத்தாதே" என்றேன். அடித்தான்.

நூற்றுத் தொண்ணூற்றாறு, இடையில் வேகமாக ஓடிவிட்டதே, மணி பன்னிரண்டு ஐந்து. அந்தச் சாயங்காலம் மார்க்கண்டுவிடம் புதுக் கார்டைக் கொடுத்தபோது எவ்வளவு பெருமையாகக் கொடுத்தேன். "ஒண்ணும் யோசிக்காதீங்க மார்க்கண்டு, முராசில்னு போட்டிருக்கு, கவுரவமான பேரு" என்றேன். அவர் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். அது பிப்ரவரி. மார்ச்சில் அவர் மனைவி சுந்தரம்பாளுக்கும் மகள் சிவரூபிக்கும் விசா புதுப்பிக்க வேண்டும், விண்ணப்பம் அன்றைக்கே திரும்பி வந்தது, தொழில் அனுமதிக்கப்பட்டது அல்ல என்று. எனக்குப் புரியவில்லை, லுக்மானிடம் போனேன், அவன் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னான், "காக்கா, முராசில்னா ஆபீஸ் பையன். இந்த மேசையிலேருந்து அந்த மேசைக்குக் காகிதம் கொண்டு போறவன். உங்களுக்குத் தெரியும்னுல்ல நெனச்சேன்." கடிதம் எழுதுகிறவன் இல்லை, கொண்டுபோகிறவன், தூதன், ரசூலின் வேரில் வந்ததில் ஒன்றும் தப்பில்லை, தூது கொண்டுபோகிறவன்தான், என்ன, கூலியாள் வகை... கடை வாசலில் உட்கார்ந்துவிட்டேன், அஸ்தக்ஃபிருல்லாஹ், அஸ்தக்ஃபிருல்லாஹ் என்று வாய் சொன்னது, மன்னித்துவிடு என்று, அதற்கு மட்டும் அர்த்தம் தெரியும். லுக்மான்தான் வழியும் சொன்னான். பிழை திருத்தம் என்று கம்பெனியிலிருந்து ஒரு கடிதம், தொழிலின் பெயரை மொழி தெரியாத எங்கள் ஊழியர் தவறாக எழுதிவிட்டார், பழைய பெயரையே கார்டின் கெடு முடிகிறவரைக்கும் திரும்பத் தரவும் என்று, ஊழியர் பெயர் போட்டு, ஊழியரே கையெழுத்துப் போட்டு. குடும்பம் நாட்டுக்குள் இருக்கிறவரைக்கும்தான் அந்தக் கடிதம் செல்லும், வெளியே போய்விட்டால் முதலிலிருந்து சர்டிபிகேட், அலமாரி, தெல்லிப்பழை. அவனே அடித்தும் கொடுத்தான். மொழி தெரியாத எங்கள் ஊழியர். அந்த வரியை அவன் எனக்குத் தமிழில் சொன்னான், அப்புறம் அதை அரபியில் நானே கூட்டிப் படித்தேன், சரளமாக வந்தது.

ஏன் போடவில்லை கையெழுத்தை. கேள் மீராசா, நூற்றுத் தொண்ணூற்றொன்பதுதான் ஆகிறது, கேட்க நேரம் இருக்கிறது. போட்டால் செக்ரட்டரி கட்டத்தில் பூஜ்யம் ஒன்றாகும், அறிக்கை திரும்பி வரும், தோண்டினால் அறுபத்து நாலு பேரும் வருவார்கள், பாதி டீயும் வரும், மேனேஜர் என் விசாவை ரத்து செய்வார், ஐம்பத்திரண்டு வயதில் எனக்கு யார் வேலை கொடுப்பார்கள், ஊரில் ஜுலைஹா பீவிக்கு என்ன பதில் சொல்வது... இதுதான் காரணம் என்று பன்னிரண்டு நாளாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். இது காரணமே இல்லை என்றும் தெரிகிறது. வேலை போனால் போகட்டும் என்று ஒரு மூச்சில் நினைக்க முடிகிறது, ஊருக்குப் போய் மளிகைக் கடையில் உட்காரலாம் என்றுகூட நினைக்க முடிகிறது, ஆனால் அந்த ஒரு வரியை, மொழி தெரியாத எங்கள் ஊழியர், மேனேஜர் படிக்கிற மாதிரி, ஆபீஸ் முழுக்கச் சிரிக்கிற மாதிரி, மார்க்கண்டு காதில் விழுகிற மாதிரி நினைக்க முடியவில்லை. அத்தோடு இன்னொன்றும் இருக்கிறது, அதையும் கேட்டுவிடு. வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்தால் எனக்குச் சோறு அவர்கள் வீட்டில்தான், கராமாவில் என் ரூமிலிருந்து இரண்டு தெரு, சுந்தரம்பாள் எனக்காகவே ஹலால் கோழி தேடி வாங்கி வைத்திருப்பாள், "சாப்பிடுங்கோ அண்ணை, வெக்கப்படாதேங்கோ" என்று இலையை நிறைப்பாள், மார்க்கண்டு சோற்றைப் பிசைந்துகொண்டிருப்பார், அவரைப் பார்த்து அவள் "இஞ்சாருங்கோ, மோர் விடட்டே" என்பாள். சிவரூபி பள்ளிக்கூட அரபிப் புத்தகத்தைக் கொண்டு வந்து வாசித்துக் காட்டுவாள், ஐன் எழுத்து அவளுக்குத் தொண்டையில் நிற்காது, நான் திருத்துவேன், "மாமா, எங்கட மிஸ்ஸை விட உங்கட உச்சரிப்பு நல்லம்" என்பாள். சாப்பிட்டுவிட்டு ஆறு பேர் படுக்கிற ரூமுக்கு வந்து மேல் கட்டிலில் ஏறுவேன், ஜுலைஹாவை இரண்டு வருஷத்துக்கு நாற்பத்தைந்து நாள் பார்க்கிறவன், நாள் கணக்கைக் கூட்டிப் பார்த்தால் அவளோடு நான் இருந்தது மொத்தம் ஒன்றரை வருஷம் வராது. மார்க்கண்டுவுக்கு மட்டும் தினமும் மோர் விடட்டே. இதெல்லாம் லுக்மான் கடையில் அந்தச் சொல்லைத் தொட்ட விரலில் இருந்ததா, ஓசையைப் பார்த்துத்தான் தொட்டாயா, இல்லை என்று சொல்கிறேன், அல்லா அறிவான், இல்லை. நெசமாவா காக்கா என்று அந்தப் பயல் கேட்டபோது ஒரு வினாடி, ஒரே ஒரு வினாடி, கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டாம் என்று ஏதோ ஒன்று என்னைத் தடுத்தது, அது கர்வம்தான், கர்வம் மட்டும்தான் என்று வைத்துக்கொள்கிறேன்.

இருநூற்றேழு. அவர்கள் போவது எங்கே, அதையும் யோசிக்காமல் இருக்க முடியவில்லை. யாழ்ப்பாணத்துக்குப் பாதை சண்டையால் போன ஆகஸ்டிலேயே மூடியாயிற்று, கொழும்பில் வெள்ளவத்தையில் ஒரு அறை, வாசல் கதவில் யார் யார் தங்கியிருக்கிறார்கள் என்று போலீசில் பதிந்த தாள் ஒட்டியிருக்க வேண்டுமாம், ஆளைத் தூக்கிக்கொண்டு போகிற வெள்ளை வான் கதையை சுந்தரம்பாள் பிள்ளைக்குக் கேட்காமல் குரலைத் தாழ்த்தி என்னிடம் கேட்டாள், "பேப்பரில போடுறது எல்லாம் உண்மையோ அண்ணை?" பதினாறு வயதுப் பிள்ளை, கராமாவில் பிறந்து வளர்ந்தவள், சிங்களம் ஒரு சொல் தெரியாது, தமிழே பாதி இங்கிலீஷ், சோதனைச் சாவடியில் நிறுத்தினால் எந்த மொழியில் பதில் சொல்வாள். போன வெள்ளிக்கிழமை சூட்கேஸ் எடை பார்க்க என்னைத்தான் கூப்பிட்டார்கள், தூக்கிப் பார்த்து இருபத்தைந்து கிலோ இருக்கும் என்றேன், அளக்கிறவன் இல்லையா நான். இப்போதுகூட முடியும். பேனாவை எடு. மூடியைத் திற. எடுத்துவிட்டேன், கடிதத்தையும் வெளியே இழுத்துவிட்டேன், கவரின் மேல் வைத்து என் பெயருக்கு மேலே பேனாவின் முனை நிற்கிறது, பிஸ்மி சொல்லி ஒரு கிறுக்கல், மீ என்று ஆரம்பித்தால் தானாக முடிந்துவிடும்... சட்டைப் பையில் போன் நடுங்கியது.

மார்க்கண்டு. "அண்ணை, மார்க்கண்டு கதைக்கிறன். ஏர்போர்ட்டில நிக்கிறம். இன்னும் உள்ளுக்குப் போகேல்லை, லைனில நிக்கினம்." குரல் நிதானமாக இருந்தது, மனுசன் அழுதிருந்தால்கூட எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். நான் சொல்ல வாயெடுத்தேன், போக வேண்டாம், அவங்களை நிறுத்துங்க, ஒரு காகிதம் இருக்கு என்று, வாய்வரை வந்துவிட்டது. அவர் முந்திக்கொண்டார். "உங்களுக்கு ஒண்டு சொல்லோணும் அண்ணை. நீங்கள் இதை மனசில வைச்சுக்கொண்டு வருந்தக் கூடாது. எங்களுக்கு முதலே தெரியும்." என்ன தெரியும் என்றேன். "கார்ட் கொண்டு வந்த அண்டைக்கே பிள்ளை வாசிச்சவள். பள்ளிக்கூடத்தில அரபி படிக்கிறாள்தானே. அப்பா, இது பியூன் எண்டெல்லே கிடக்கு, மீராசா மாமாட்டக் கேளுங்கோவன் எண்டாள். நான்தான் விடேல்லை. மீராசா அண்ணைக்குத் தெரியாத அரபியோ, தெரிஞ்சுதான் போட்டிருப்பார், வேற வழி இருந்திருக்காது, என்னை வேலையில வைச்சிருக்க அவர் எவ்வளவு பாடுபட்டிருப்பார், அதைப் போய்க் கேட்டு அவரைச் சங்கடப்படுத்தக் கூடாது எண்டு சொல்லிப் போட்டன்." பின்னால் அறிவிப்பு ஒன்று ஓடியது. "வேற வழி இருக்கேல்லைதானே அண்ணை?" என்றார். கேள்வியாகத்தான் கேட்டார். ஒரு சொல்லுக்காகக் காத்திருந்தார், தெரியாது என்று ஒரே ஒரு சொல், எனக்குத் தெரியாது மார்க்கண்டு, ஓதத்தான் தெரியும், உங்கள் பிள்ளைக்குத் தெரிந்தது எனக்குத் தெரியாது. பிப்ரவரியில் அந்தப் பிள்ளை என்னிடம் கேட்டிருந்தால் மறுநாளே மாற்றியிருக்கலாம், கேட்காமல் விட்டது என் மேல் இருந்த மரியாதையால், அந்த மரியாதை நான் சம்பாதித்தது, அவள் அர்த்தம் படித்தாள், நான் உச்சரிப்பைத் திருத்தினேன். "ஆமா மார்க்கண்டு" என்று என் வாய் சொன்னது, "வேற வழி இல்லாமத்தான் அப்படிப் போட்டேன்." குரல்கூடத் தடுமாறவில்லை. "எனக்குத் தெரியும் அண்ணை" என்றார் அவர், "வெள்ளிக்கிழமை வாங்கோ, நான் ஏதும் சமைக்கப் பாக்கிறன்." போன் நின்றது.

பிங் என்று சத்தம், இருநூற்றுப் பதினான்கு, ஏழாம் கவுண்டர். எழுந்தேன், பட்டாணியன் தலை தொங்கி விழித்துக்கொண்டான், கடிதம் கவருக்குள் போய்விட்டது, எப்போது போனது, நான்தான் தள்ளியிருக்க வேண்டும். மணி பன்னிரண்டு ஐம்பது, இன்னும் இருக்கிறது, கவுண்டர்வரைக்கும் பதினைந்து தப்படி இருக்கிறது, தப்படிக்கு ஒரு எழுத்தாகப் போட்டாலும் என் பெயர் முடிந்துவிடும். தெரிந்தே செய்தவன் என்று அவர் நினைக்கிறார், தெரிந்தே ஒரு குடும்பத்தைப் பிரித்தவனாக அவர் கண்ணில் நிற்பது எனக்குக் கனக்கவில்லை, தெரியாமல் செய்தவனாக நிற்பதுதான் கனக்கிறது, இது என்ன மனசு, எந்த மனுசனுக்கு இப்படி ஒரு மனசு இருக்கும்... கண்ணாடிக்குப் பின்னால் வெள்ளைக் கந்தூரா அங்கி அணிந்த இளைஞர், ஃபாத்திமாவின் வயதுதான் இருக்கும், ஸலாம் சொன்னேன், அழகாகப் பதில் சொன்னார், அறிக்கையைக் கொடுத்தேன். ஒவ்வொரு கட்டமாகப் பேனாவால் தொட்டுக்கொண்டு வந்தார், நூற்று நாற்பத்தெட்டு, மூன்று, இரண்டு புள்ளி பூஜ்யம் மூன்று, செக்ரட்டரி பூஜ்யம். முத்திரையைக் குத்தினார். குத்திவிட்டு நிமிர்ந்து என்னைப் பார்த்து ஏதோ கேட்டார், வேகமான அரபி, நீளமான வாக்கியம், முடிவில் கேள்வி. ஒரு சொல்லும் பிடிபடவில்லை. நான் சொன்ன ஸலாமை வைத்து எனக்கு எல்லாம் தெரியும் என்று அவரும் நினைத்துவிட்டார். "நஅம்" என்றேன், ஆமாம் என்று, ஐன் எழுத்து தொண்டையிலிருந்து சுத்தமாக வந்தது. அவர் சிரித்துக் கையைக் கண்ணாடியின் ஓட்டை வழியாக நீட்டினார். நான் அந்தக் கையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் காத்திருந்தார், அப்புறம் கையை உள்ளே இழுத்துக்கொண்டு, ரசீதைத் தள்ளிவிட்டு அடுத்த எண்ணை அழுத்தினார்.

வெளியே வந்தால் வெயில் கண்ணைக் குத்துகிறது, பஸ் நிறுத்தத்தில் நிழல் இல்லை, மேலே ஒரு விமானம் போகிறது, அது இல்லை, இரண்டரைக்குத்தான்... என்ன கேட்டிருப்பார் அந்த இளைஞர். எல்லாம் சரிதானா என்று கேட்டிருந்தால் கையை ஏன் நீட்ட வேண்டும். உங்கள் கையெழுத்தா என்று கேட்டிருந்தாலும் கை எதற்கு. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் என் கவர் திறந்திருந்தது, கடிதத்தின் ஓரம் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது, அதையும் கொடுக்கப் போகிறீர்களா என்றுதான் கேட்டாரோ, நான் ஆமாம் என்றுதானே சொன்னேன்.